அப்பாவுக்கு வந்த மாலைகள்

சுருளிப்பட்டி,
வெள்ளிக்கிழமை.

அன்பு மகன் முத்துராஜாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. இங்கே நான் நலம், அப்பா நலம், சினைமாடும் நலம். அப்பா நலம் என்பதை இன்னொரு தடவையும் எழுதுகிறேன். இந்த முறை அது கடிதத்தை ஆரம்பிப்பதற்காக எழுதிய வரி இல்லை. நான் எழுதிக்கொண்டிருக்கும்போது அவர் வாசலில் உட்கார்ந்து மருந்து தெளிக்கிற பம்பின் வாயைக் கழற்றிக் குச்சியால் குத்திக்கொண்டிருக்கிறார், நடுவில் இருமுகிறார், யாரையோ திட்டுகிறார், எல்லாவற்றையும் என் கண்ணால் பார்த்துக்கொண்டேதான் எழுதுகிறேன். நீயும் அங்கே நோய் நொடி இல்லாமல் இருக்க சுருளி வேலப்பரை வேண்டிக்கொள்கிறேன். நொய்டாவில் குளிர் ஆரம்பித்துவிட்டது என்று டிவியில் சொன்னார்கள், அந்தச் சாம்பல் ஸ்வெட்டரை இனியாவது பெட்டியிலிருந்து எடுத்துப் போடு.

போன் இருக்கும்போது அம்மா ஏன் காகிதத்தில் எழுதுகிறாள் என்று நினைப்பாய். போன் சுத்தமாகி வந்துவிட்டது, ஆனால் அதில் ஓர் எழுத்து அடிக்கக்கூட எனக்கு விரல் வரவில்லை. அதைவிட, நான் உன்னிடம் கேட்க வேண்டியது ஒன்று இருக்கிறது, அதைப் பக்கத்து வீட்டு ஜெபஷீலாவின் போனை வாங்கி அவள் பக்கத்தில் நிற்கும்போது கேட்க முடியாது. என் கையெழுத்து உனக்குத் தெரியும். இது நான்தான். எல்லாம் நடந்த அன்றைக்குச் சாயங்காலம் நீ அவள் போனில் பேசியபோது பேங்குக்குப் போ, பாஸ்வேர்டை மாற்று, போன் திருட்டுக்கான போலீஸ் நம்பர் 1930க்குச் சொல் என்று வரிசையாகச் சொன்னாய், நானும் உம் உம் என்று கேட்டுக்கொண்டேன். நடந்ததை நீ முழுதாகக் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை, அதனால் முதலில் இருந்தே சொல்கிறேன், பொறுமையாகப் படி.

போன வாரம் ஒரு நாள் காலையில் ஜெயமங்கலத்து நாகராஜ் மாமா போனிலிருந்து ஒரு கேதச் செய்தி வந்தது. எங்கள் குடும்பத்தில் இறப்பு, படமும் அடக்க நேரமும் உள்ளே என்று ஒரு வரி, அதன் கீழே ஒரு ஃபைல். நாகராஜ் மாமாவின் அப்பா, அதுதான் என் பெரியப்பா, படுத்த படுக்கையாகக் கிடப்பது உனக்குத் தெரியும், அவர்தான் போய்விட்டார் என்று நினைத்தேன், கண்ணில் தண்ணீர்கூட வந்துவிட்டது. கல்யாணப் பத்திரிகை என்று சொல்லி ஃபைல் வந்தால் தொடாதீர்கள், அதற்குள் போனைத் திருடுகிற ஆப் ஒளிந்திருக்கும் என்று நீ சொல்லியிருந்தாய், அதை நான் இந்தத் தெரு முழுக்கச் சொல்லி வைத்திருந்தேன். ஆனால் கேதத்தைப் பற்றி நீ எதுவும் சொல்லவில்லை, எனக்கும் தோன்றவில்லை. கல்யாணம் என்றால் போன் போட்டு எந்த மண்டபம், பொண்ணு யார் என்று கேட்கலாம். கேதம் சொன்ன வீட்டில் போய் நிஜமாகத்தான் சொல்கிறீர்களா என்று கேட்கிற வாய் நம்மில் யாருக்கு இருக்கிறது? ஒரு வார்த்தை திருப்பிக் கேட்காமல் கிளம்பிப் போவதுதான் நம் வழக்கம், நானும் அப்படித்தான் தொட்டேன்.

தொட்டதும், தெரியாத இடத்திலிருந்து வரும் ஆப்பை நிறுவ அனுமதிக்கிறீர்களா, இதனால் உங்கள் போனுக்குத் தீங்கு வரலாம் என்று கேட்டது. தமிழில்தான் கேட்டது, நானும் படித்தேன். என் பிறந்த வீட்டில் முதன்முதலில் காலேஜ் போனவள் நான், தமிழ் படிக்கத் தெரியாமல் அமுக்கினேன் என்று சொல்ல முடியாது. எழுத்து புரிந்தது, என்னைத்தான் கேட்கிறது என்பது புரியவில்லை. ரேஷன் கார்டு, பயிர்க் காப்பீடு, பென்ஷன் என்று இந்தத் தெருவில் எத்தனை பேர் போனில் எத்தனை அனுமதி அமுக்கிக் கொடுத்திருக்கிறேன், அனுமதி கொடுக்காவிட்டால் எதுவும் திறக்காது என்பதைத்தான் போன் எனக்கு இத்தனை நாளும் கற்றுக்கொடுத்தது. அடுத்து மெசேஜ்களைப் பார்க்கலாமா, பெயர்களைப் பார்க்கலாமா என்று கேட்டது, எல்லாவற்றுக்கும் சரி என்றேன். படம் வரவில்லை. வந்து உட்கார்ந்த ஆப்பும் கொஞ்ச நேரத்தில் கண்ணுக்குத் தெரியாமல் போய்விட்டது. நெட் சரியில்லை என்று நினைத்துக்கொண்டு, கேத வீட்டில் போன் அலறினால் அசிங்கம் என்று சத்தத்தை நிறுத்தி, சார்ஜில் சொருகி பீரோ மேல் வைத்துவிட்டேன். திராட்சைப் பந்தலில் இருந்து வந்த அப்பாவிடம் விஷயத்தைச் சொன்னேன். நல்ல மனுசன், போயிட்டாகளா என்று துண்டை உதறிக்கொண்டு குளிக்கப் போனார். நான் நூல்சேலைக்கு மாறிக்கொண்டிருந்தேன். பீரோ மேல் இருந்த போன் அந்த நேரத்தில் என்ன செய்துகொண்டிருந்தது என்று எனக்கு எப்படித் தெரியும்?

தெருமுனையில் ஆட்டோ வந்து நிற்கிற சத்தம் கேட்டது, கூடவே அழுகை. கம்பத்து அத்தை சங்கிலியம்மாள், கையில் ரோஜா மாலை, தலைவிரி கோலம், கூடப் பொறந்த பொறப்பே, என்னைய விட்டுட்டுப் போக உனக்கு எப்பிடிறா மனசு வந்துச்சு என்று மாரில் அடித்துக்கொண்டு வருகிறார். என் பெரியப்பா அத்தைக்கு எப்போது கூடப் பிறந்தார் என்று எனக்கு ஒன்றும் ஓடவில்லை. அப்பா உடம்பெல்லாம் சோப்பு நுரையோடு கொல்லையில் இருந்து ஓடிவந்து, அக்கா, கேதம் ஜெயமங்கலத்துலல்ல, நீ எதுக்கு இங்கன வந்து அழுகுற என்று கேட்டார். அத்தை அழுகையை அப்படியே நிறுத்திவிட்டுப் பார்த்தார், பார்த்துக்கொண்டே இருந்தார், பிறகு கையில் இருந்த மாலையாலேயே அப்பாவின் முதுகில் ஓங்கி ஓங்கி அடித்தார். ஏலே எடுபட்ட பயலே, உசுரோடவா இருக்க, அதச் சொல்ல உனக்கு வாய் இல்லையா என்றார். நான் எப்பக்கா செத்தேன் என்று அப்பா கேட்டதற்கு, அத உன் பொண்டாட்டியக் கேளு, அவதான கேதம் சொல்லிவிட்டா என்று என்னைக் கை காட்டினார்.

அதற்குள் சனம் வர ஆரம்பித்துவிட்டது. காமயகவுண்டன்பட்டியில் இருந்து ஒரு வேன். திராட்சை வாங்குகிற வியாபாரிகள் கையில் மாலையோடு பைக்கில். குமுளி மலை ஏறிக்கொண்டிருந்த ஜீப் ஒன்று பாதி வழியில் திரும்பி, ஏலக்காய்த் தோட்டத்து வேலைக்குப் போன நம் தெருப் பெண்கள் தூக்குவாளியோடு இறங்கி அழுதுகொண்டே ஓடிவந்தார்கள். எல்லோருக்கும் என் போனிலிருந்து அதே செய்தி போயிருக்கிறது. யார் இறந்தார்கள் என்று அதில் பெயர் இல்லை. ஆனால் என் வாட்ஸ்ஆப்பில் இருக்கிற படம் உனக்குத் தெரியுமே, திருவிழாவில் அப்பாவுக்குப் பரிவட்டம் கட்டி மாலை போட்டு எடுத்தது. எங்கள் குடும்பத்தில் இறப்பு என்ற வரியும் மாலை போட்ட அந்தப் படமும் சேர்ந்து வந்தால் யார்தான் பெயர் கேட்பார்கள்? வந்தவர்கள் அப்பாவைப் பார்த்துச் சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் நின்றார்கள். செத்ததாச் சேதி வந்தா ஆயுசு கெட்டிண்ணே என்று ஒருவர் கையைப் பிடித்துக் குலுக்கினார், இன்னொருவர் கொண்டுவந்த மாலையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார்.

அப்போதுதான் பக்கத்து வீட்டு ஜெபஷீலா தையல் மிஷினை விட்டு எழுந்து போனைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். சொர்ணக்கா, உங்க மகன் போட்ருக்கான் என்று அத்தனை பேர் நடுவிலும் சத்தமாகப் படித்தாள். அம்மா போன்ல வைரஸ். உடனே ஆஃப் பண்ணி சிம்மைக் கழட்டச் சொல்லுங்க. அந்த ஃபைலை யாரும் தொடாதீங்க, தொட்டவங்க பேங்க்ல சொல்லுங்க. நீ போட்டது இவ்வளவுதான், எனக்கு மனப்பாடமே ஆகிவிட்டது. நான் உள்ளே ஓடி, எதையும் பார்க்காமல் கண்ணை மூடிக்கொண்டு போனை அணைத்தேன். திரும்பி வரும்போது அப்பா ஜெபஷீலாவிடம், அம்புட்டுத்தானா என்று கேட்டுக்கொண்டிருந்தார். அவள் போனைத் தள்ளிப் பார்த்துவிட்டு, அம்புட்டுத்தாண்ணே, வேற ஒண்ணும் போடல என்றாள். அப்பா தலையை ஆட்டினார். உடம்பில் சோப்பு காய்ந்து வெள்ளையாகப் பொருக்குத் தட்டியிருந்தது, அப்படியே கொல்லைக்குப் போய் மீதிக் குளியலைக் குளித்தார்.

நீ கோபப்படாதே, நான் உன்னைக் குறை சொல்லவில்லை. நீ சரியானதைச் சரியான நேரத்தில் சொன்னாய், அதனால்தான் பேங்கில் ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அப்பா நடந்தவற்றோடு சேர்த்துத்தான் அதைக் கேட்டார். போன தைக்கு முன்னால் உர மானியம் என்று வந்த ஒரு ஃபைலை அவர் குடும்பக் குழுவில் போட்டதும், இந்தக் குப்பையெல்லாம் அனுப்பாதீங்கன்னு எத்தன தடவ சொல்றது என்று மாமன் மச்சான் எல்லோர் முன்னாலும் எழுதி அவரைக் குழுவில் இருந்து நீக்கினாய். நீ பார்க்கிற வேலையே கம்பெனிகளின் கம்ப்யூட்டருக்குக் காவல் இருப்பது, உனக்கு அது தாங்கவில்லை என்பது எனக்குப் புரிகிறது. அன்றைக்கே அவர் டச் போனைத் தூக்கி அலமாரியில் போட்டுவிட்டுப் பட்டன் போன் வாங்கினார், நம்பரையும் மாற்றினார், உனக்குச் சொல்ல வேண்டாம் என்றார். நீயும் கேட்கவில்லை. அதனால் அன்றைக்குச் சாயங்காலம் நீ ஜெபஷீலா போனில் பேசும்போது அவர் எட்டி நின்று மாட்டுக்குத் தவிடு கலக்குகிற மாதிரி கலக்கிக்கொண்டே இருந்தார். மாடு எப்போதோ குடித்துவிட்டுப் போய்விட்டது. நீ அப்பா எங்கே என்று கேட்கவில்லை.

வந்த மாலைகளை என்ன செய்வது என்று அன்று பெரிய பேச்சு. கேதத்துக்குக் கொண்டுவந்த மாலையைத் திருப்பி வீட்டுக்குக் கொண்டுபோகக் கூடாது, உயிரோடு இருக்கிறவருக்குப் போடவும் கூடாது, கோயிலுக்கும் ஆகாது. இப்படி ஒரு நிலைமை இதற்கு முன்னால் யாருக்கும் வந்ததில்லை, அதனால் யாருக்கும் வழக்கம் தெரியவில்லை. கடைசியில் அப்பாவே எல்லாவற்றையும் கூடையில் அள்ளிக்கொண்டுபோய்க் குப்பைக்குழியில் போட்டார். பந்தலுக்கு உரமாகட்டும் என்றார். சாப்பிடும்போது, எம்புட்டுச் சனம் வந்துச்சு பாத்தியா, பேசாம இருந்த பங்காளிகூட வந்துட்டான் என்றார், பிறகு சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். வராதவர் யாரைப் பற்றியும் அவர் பேசவில்லை.

அடுத்த நாள் நான் செய்த காரியத்தை நினைத்தால் எனக்கே நம்ப முடியவில்லை. கடைக்குப் போனால் சில்லறை கேட்கக் கூச்சப்படுகிறவள் என்று உனக்குத் தெரியும். வீடு வீடாக ஏறி இறங்கி, என் பெயரில் வந்ததைத் தொட்டீர்களா, தொட்டிருந்தால் போனை அணையுங்கள் என்று சொல்லி வந்தேன். நிறையப் பேர் தொட்டிருந்தார்கள். படிச்ச பிள்ள அனுப்புனா தொடாம என்னத்தா செய்ய என்றார் ஒருவர். ஜீப்பில் இருந்து திரும்பி வந்த பெண்கள் என்னைப் பார்த்தாலே, உசுரோட இருக்குற புருசனுக்குக் கேதம் சொன்ன மகராசி வாராடி என்று சிரிக்கிறார்கள், முதலில் அழுகை வந்தது, இப்போது நானும் சேர்ந்து சிரிக்கிறேன். நாகராஜ் மாமாவுக்கும் வேறு யாரிடமோ இருந்துதான் வந்திருக்கிறது, அவர் வீட்டிலும் இதே கூட்டம். என் பெரியப்பா மட்டும் கட்டிலில் படுத்தபடி வந்தவர்களை எல்லாம் உட்காரவைத்துக் காப்பி கொடுக்கச் சொன்னாராம், வெகுநாளைக்குப் பிறகு அன்றைக்குத்தான் முகம் தெளிவாக இருந்ததாம்.

இனிமேல்தான் நான் சொல்ல வந்தது. நேற்று போனைச் சுத்தம் செய்ய கம்பத்தில் விஜய்பாண்டி கடைக்குப் போனோம், பம்புக்கு வாசர் வாங்க வேண்டும் என்று அப்பாவும் வந்தார். விஜய்பாண்டி என்னைப் பார்த்ததும் கையெடுத்துக் கும்பிட்டான். அக்கா, உங்க கேதத்த நானும் தொட்டுட்டேன், ஊருக்கெல்லாம் புத்தி சொல்ற என் போனையே மொத அழிக்க வேண்டியதாப் போச்சு என்றான். நெட் இல்லாமல் என் போனைத் திறந்து, அழிக்கிறதுக்கு முன்னாடி பாத்துக்கங்க, வேணுங்குற போட்டோ இருக்கா என்று நீட்டினான். நான் போட்டோவைத் தேடிப் போனவள் தெரியாமல் போன் வந்த பட்டியலைத் தொட்டுவிட்டேன். முழுக்கச் சிவப்பு. முத்துராஜா, முத்துராஜா, முத்துராஜா. விரலால் தள்ளத் தள்ள உன் பெயர்தான், முடிவே தெரியவில்லை. அந்தக் காலையில், நான் சத்தத்தை நிறுத்தி பீரோ மேல் வைத்திருந்த நேரத்தில், அத்தை மாலையால் அப்பாவை அடித்துக்கொண்டிருந்த நேரத்தில், ஜெபஷீலாவுக்கு நீ மெசேஜ் போடுவதற்கு முன்னால், நீ அடிக்க அடிக்க யாரும் எடுக்காத போன் அத்தனையும் அதில் இருந்தது. இதை நீ ஏன் என்னிடம் சொல்லவில்லை?

போனைக் கொண்டுபோய் வாசலில் நின்ற அப்பாவிடம் காட்டினேன். கண்ணாடி இல்லாமல், என்னது செவப்பா என்றார். உங்க மகன் என்றேன். தொடவே மாட்டேன் என்றிருந்த டச் போனைக் கையில் வாங்கி, கட்டைவிரலை வேட்டியில் துடைத்துவிட்டு, மேலும் கீழும் தள்ளித் தள்ளிப் பார்த்தார். எனக்குத்தான் அடிச்சிருக்கான் என்றார். எனக்கு அங்கேயும் குழப்பம்தான், போனை அணைக்கச் சொல்வதற்காகக்கூட இருக்கலாமே என்றேன். ஆஃப் பண்ணச் சொல்ல இத்தன தடவ எவனும் அடிக்க மாட்டான் என்றார். அதோடு போனை விஜய்பாண்டியிடம் நீட்டி, இப்ப அழி என்றார். அந்தச் சிவப்பெல்லாம் அழிந்துவிட்டது, இப்போது அது எந்தப் போனிலும் இல்லை, அதற்காகத்தான் இங்கே எழுதி வைக்கிறேன்.

அப்பா முடிவு செய்துவிட்டார், நான் இன்னும் செய்யவில்லை, அதனால் நீதான் சொல்ல வேண்டும். அந்தக் கேதத்தை ஒரு நிமிஷமாவது நம்பினாயா? இல்லை, பார்த்தவுடனே ஃபைல் என்று தெரிந்துவிட்டதா? எது என்றாலும் நான் வருத்தப்பட மாட்டேன், தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன். தெரியாதவர்கள் அனுப்பினால் தொடாதே என்பாய், நாகராஜ் மாமா தெரிந்தவர்தானே. அனுப்பியது அவர் இல்லை, அவர் போன் என்பாய், அப்படியானால் அந்தக் காலையில் உனக்கு அனுப்பியது யார், நானா, என் போனா? தெரிந்தவர் பெயரில் தெரியாத ஒன்று வரும் என்றால் இனி எதைத் தெரிந்தது என்று வைத்துக்கொள்வது? ஃபைல் எது வந்தாலும் அனுப்பியவரிடம் பேசிக் கேட்காமல் தொடுவதில்லை என்று இப்போதைக்கு நானே ஒன்று வைத்திருக்கிறேன், கேதமாக இருந்தாலும் கேட்பேன், திட்டினால் திட்டட்டும். ஆனால் ஒன்று மட்டும் விளங்கவில்லை. எங்களுக்கும் வயதாகிறது. ஒரு நாள் நிஜமாகவே உனக்குச் சொல்ல வேண்டி வந்தால், அதையும் நீ வைரஸ் என்று தள்ளிவிட்டால், நான் எப்படி உன்னை நம்பவைப்பேன்? நீ படித்த படிப்பில் இதற்கு ஏதாவது வழி இருக்கிறதா என்று பார்த்து எழுது. இதை அப்பாவிடம் கேட்டேன், பம்பைக் கீழே வைத்துவிட்டு, எழுதி முடிச்சதும் கீழ கொஞ்சம் எடம் விடு என்று மட்டும் சொன்னார்.

மற்றபடி இங்கே மழை விட்டு விட்டுப் பெய்கிறது, திராட்சை இலையில் செவட்டை நோய் விழுந்துவிடுமோ என்று அப்பா ஒரு நாள் விட்டு ஒரு நாள் மருந்தடிக்கிறார். மாடு இந்த மாதம் கன்று போடும். ஜெபஷீலா உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னாள். கம்பத்து அத்தை, அன்றைக்கு அழுத அழுகை சும்மா போய்விட்டதே என்று இன்னும் கோபமாக இருக்கிறார், அவருக்கு ஒரு போன் போட்டுப் பேசு. வேலை வேலை என்று ராத்திரிச் சாப்பாட்டை விடாதே. என் வாட்ஸ்ஆப்பில் இனி அப்பா படம் இருக்காது, ஒரு கொத்துத் திராட்சைதான் இருக்கும், பார்த்துப் பயப்படாதே. பொங்கலுக்கு லீவு இருக்கிறதா என்று மறக்காமல் எழுது, டிக்கெட் எடுப்பதற்கு முன்னால் சொல். சுருளி வேலப்பர் உனக்குத் துணை இருக்கட்டும், நீண்ட ஆயுளோடு நன்றாக இரு கண்ணு.

இப்படிக்கு, கையால் எழுதிய உன் அம்மா,
சொர்ணலதா.

முத்துராஜாவுக்கு அப்பா ராக்கப்பன் எழுதுவது. நல்லா இருக்கேன். நீ அடிச்சதப் பாத்தேன். என் நம்பர் கவர் பின்னால எழுதியிருக்கேன். பட்டன் போன். அதுல ஃபைல் எதுவும் வராது, குரல் மட்டும்தான் வரும்.